கீஸ்லோவ்ஸ்கி: எட்டிப் பார்த்தவரின் கூச்சம்

1980-ல் போலந்து இயக்குநர் க்ரிஸ்டாஃப் கீஸ்லோவ்ஸ்கி வார்சா சென்ட்ரல் ரயில் நிலையத்தில் ஒரு சின்ன ஆவணப்படம் எடுத்துக்கொண்டிருந்தார். பெரிய விஷயம் ஒன்றும் இல்லை. ரயிலுக்குக் காத்திருப்பவர்கள், தாமத அறிவிப்புகள், பெட்டி வைக்கும் லாக்கரைத் திறக்கத் தெரியாமல் மல்லுக்கட்டும் பயணிகள், எல்லாரையும் மேலிருந்து பார்த்துக்கொண்டிருக்கும் கண்காணிப்பு கேமராக்கள். அவ்வளவுதான் படம். ஓர் இரவு படப்பிடிப்பு முடிந்து ஸ்டூடியோவுக்குத் திரும்பினால், போலீஸ் வந்து அதுவரை எடுத்த சுருள் மொத்தத்தையும் அள்ளிக்கொண்டு போய்விட்டது.

காரணம் பிறகுதான் தெரிந்தது. ஒரு பெண் தன் தாயைக் கொன்று, உடலை வெட்டிப் பெட்டிகளில் அடைத்து, அதே நிலையத்து லாக்கரில் வைத்துவிட்டுப் போயிருக்கிறாள். படக்குழு அவளைத் தற்செயலாகப் படம்பிடித்திருக்கலாம் என்று போலீசுக்குச் சந்தேகம். சுருளைப் போட்டுப் பார்த்தார்கள். அவள் இல்லை. எல்லாம் பத்திரமாகத் திரும்பி வந்தது.

இன்னொருவராக இருந்தால் நண்பர்களிடம் சொல்லிச் சிரிக்க நல்ல கதை கிடைத்தது என்று விட்டிருப்பார். கீஸ்லோவ்ஸ்கியால் விட முடியவில்லை. கேமராவை அந்தப் பக்கம் திருப்பியிருந்தால்? லாக்கர் முன்னால் நிற்கும் அந்தப் பெண் சுருளில் பதிவாகியிருப்பாள். தனக்கே தெரியாமல் தான் போலீசின் ஆள் ஆகியிருப்போம். அவள் செய்தது கொடூரம்தான், ஆனாலும் அவளைப் பிடித்துக் கொடுப்பது தன் கேமராவின் வேலை இல்லை. இந்த யோசனையோடு அவர் ஆவணப்படத்திலிருந்து ஒதுங்கினார். பதினைந்து வருடம் பாடுபட்டுக் கற்ற தொழில் அது.

கீஸ்லோவ்ஸ்கியைப் பற்றித் தமிழில் யார் எழுதினாலும் 'ப்ளூ', 'வைட்', 'ரெட்' என்ற மூன்று வண்ணங்கள் படத் தொடரில் ஆரம்பித்து அதிலேயே முடிப்பது வழக்கம். நடிகை ஜூலியட் பினோஷின் முகம், நீலக் கண்ணாடித் தொங்கல், இசையமைப்பாளர் பிரைஸ்னரின் இசை. நானும் அவற்றைப் பல தடவை பார்த்தவன்தான். ஆனால் அவருடைய ஆவணப்படங்களைப் பார்த்த பிறகு எனக்கு வேறொரு மனிதர் தெரிந்தார். அடுத்தவர் வாழ்க்கையை எட்டிப் பார்க்காமல் இருக்க முடியாதவர், எட்டிப் பார்த்துவிட்டுக் கூசிப் போகிறவர். அவர் எடுத்த எல்லாப் படங்களும் இந்த இரண்டுக்கும் நடுவில் நடக்கும் இழுபறி என்றே இப்போது தோன்றுகிறது.

1941 ஜூன் 27 அன்று வார்சாவில் பிறந்தார். நாடு ஜெர்மானியர் பிடியில் இருந்த காலம். அப்பா பொறியாளர், காசநோயாளி. நோய் அவரை எந்த சானடோரியத்துக்கு, அதாவது காசநோய் மருத்துவ விடுதிக்கு, துரத்தியதோ, குடும்பமும் அந்த ஊருக்கு மூட்டை கட்டியது. பையனுக்குப் பள்ளிகள் மாறிக்கொண்டே இருந்தன. கடைசியில் ஓரளவு நிலைத்த ஊர் சோகோவோவ்ஸ்கோ. செக் எல்லைக்குப் பக்கத்தில் மலைகளுக்கு நடுவே இருக்கும் குட்டி ஊர். ஹெர்மன் ப்ரேமர் என்ற ஜெர்மானிய மருத்துவர் 19ஆம் நூற்றாண்டின் நடுவில் காசநோய்க்காரர்களுக்கென்றே அங்கே சானடோரியம் தொடங்கினார். ஸ்விட்சர்லாந்தின் தாவோஸ் பெயர் வாங்கியதெல்லாம் அதற்கப்புறம்.

அந்த ஊரில் ஒரு திரையரங்கு இருந்தது. டிக்கெட்டுக்குக் காசில்லாத பையன்கள் கூரையேறி, காற்றுப் போக வைத்திருந்த திறப்பு வழியாகக் கீழே பார்ப்பார்கள். திரை முழுசாகத் தெரியாது, ஒரு மூலை மட்டும்தான். காசு கொடுத்து உட்கார்ந்திருப்பவர்கள் தலையில் எச்சில் துப்பவும் அது வசதியான இடம் என்று அவரே பிற்காலத்தில் சொல்லியிருக்கிறார். பெரிய இயக்குநர்கள் பலர் தங்கள் முதல் சினிமா அனுபவத்தைத் தெய்வ தரிசனம் மாதிரி விவரிப்பார்கள். இவர் எச்சில் துப்பியதைச் சொல்கிறார். அதனாலேயே இவரைப் பிடிக்கும்.

படிப்பில் நாட்டம் இல்லாத பையனை அப்பா தீயணைப்பு வீரர் பயிற்சிப் பள்ளிக்கு அனுப்பினார். போய்ப் பார், படிப்பின் அருமை தெரியும் என்று கணக்கு. கணக்கு சரியாகவே வந்தது. சீருடை, விசில், வரிசை எல்லாம் மூன்று மாதத்தில் வெறுத்துவிட்டது. அப்புறம் வார்சாவில் நாடகத் தொழில்நுட்பப் பள்ளி. தூரத்து உறவினர் ஒருவர் அங்கே பொறுப்பில் இருந்தார் என்பதைத் தவிர அந்தப் பள்ளியைத் தேர்ந்தெடுக்க வேறு காரணம் கிடையாது. உறவினர் வங்கியில் இருந்திருந்தால் தான் வங்கிப் பள்ளிக்குப் போயிருப்பேன் என்பார். தற்செயலைப் பற்றி வாழ்நாளெல்லாம் படமெடுத்தவர் அதைப் புத்தகத்தில் படித்துக் கண்டுபிடிக்கவில்லை.

நாடக இயக்குநராக வேண்டும் என்று ஆசை. அதற்கு ஒரு பட்டம் வேண்டும், ஆகவே வூச் நகரத்துத் திரைப்படப் பள்ளிக்கு விண்ணப்பித்தார். இயக்குநர்கள் வாய்தா, பொலான்ஸ்கி எல்லாம் படித்து வந்த பள்ளி. இரண்டு தடவை நிராகரித்தார்கள். நடுவில் கட்டாய ராணுவ சேவை கழுத்துக்கு மேல் கத்தியாகத் தொங்கியது. எடை குறைவாக இருந்தால் எடுக்க மாட்டார்கள் என்று பட்டினி கிடந்தே தப்பித்தார். மூன்றாவது முயற்சியில், 1964-ல், இடம் கிடைத்தது. அதற்குள் நாடகத்தின் மேல் இருந்த ஆசை போயிருந்தது. விட்டுக்கொடுக்கக் கூடாது என்ற வீம்பு மட்டும் பாக்கி.

வூச்சில் அவருக்கு வாய்த்த ஆசிரியர்களில் ஒருவர் கசிமியேஷ் கரபாஷ், போலந்து ஆவணப்படத்தின் பெரிய கை. வர்ணனைக் குரல் வேண்டாம், ஆட்களைப் பொறுமையாகப் பார், அவர்களே சொல்லிவிடுவார்கள் என்பது அந்தப் பள்ளியின் வழி. அந்த வழியில் மாணவர் கீஸ்லோவ்ஸ்கி 1966-ல் எடுத்த ஆறு நிமிடப் படம் 'ஆபீஸ்'. அரசு ஓய்வூதிய அலுவலகத்தின் ஜன்னல். இந்தப் பக்கம் கிழவர்களும் கிழவிகளும் காகிதங்களோடு. அந்தப் பக்கம் எழுத்தர், பென்சில், தேநீர். ஒரு சான்றிதழ் குறைகிறது, ஒரு முத்திரை குறைகிறது, போய் வாங்கி வாருங்கள். படம் முடியும்போது அலமாரிகளில் அடுக்கிய கோப்புகள் தெரிய, அந்தக் குரல் திரும்பத் திரும்பக் கேட்கிறது: வாழ்நாள் முழுக்க என்னென்ன செய்தீர்கள், அதை எழுதுங்கள். தாலுகா அலுவலகத்தில் ஒரு நாள் நின்றவர் யாருக்கும் இந்தப் படத்துக்கு சப்டைட்டில் தேவைப்படாது.

கம்யூனிச ஆட்சியில் இருந்த அன்றைய போலந்தில் ஆவணப்படத்துக்கு ஒரு விசேஷ மரியாதை இருந்தது. செய்தித்தாள் பொய் சொல்லும், தொலைக்காட்சி பொய் சொல்லும். நாடு எப்படி இருக்கிறது என்று கேமராவைக் கொண்டுபோய்க் காட்டுவதே ஒரு காரியமாக இருந்தது. தொழிற்சாலையில் டிராக்டர் உதிரிபாகம் ஏன் வரவில்லை என்று அதிகாரிகள் கூட்டம் போட்டுப் பேசுகிறார்கள், பக்கத்திலேயே தொழிலாளர்கள் வேர்த்து விறுவிறுத்து உழைக்கிறார்கள் என்று மாற்றி மாற்றிக் காட்டினாலே அங்கே அரசியல். 1970 டிசம்பரில் பால்டிக் கரைத் துறைமுகங்களில் வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்களை அரசு சுட்டுக் கொன்றது. அடுத்த வருடம் கீஸ்லோவ்ஸ்கியும் நண்பர்களும் தொழிலாளர்களைப் பேசவிட்டு ஒரு நீண்ட படம் எடுத்தார்கள். அது வெட்டிச் சிதைக்கப்பட்டு வேறு உருவில்தான் ஒளிபரப்பானது. பேசியவர்களின் ஒலிநாடாக்கள் தொகுப்பு அறையிலிருந்து காணாமல் போன சம்பவமும் நடந்தது. நம்பிப் பேசியவர்களைத் தன்னால் காப்பாற்ற முடியுமா என்ற கேள்வி அங்கேயே முளைத்துவிட்டது.

1974-ல் இரண்டு படங்கள். ஒன்று 'எக்ஸ்ரே', தன் அப்பா சிகிச்சை பெற்ற அதே சோகோவோவ்ஸ்கோ சானடோரியத்தில் எடுத்தது. நோயாளிகள் வெயிலில் உட்கார்ந்து தங்கள் பயத்தைப் பேசுகிறார்கள். அப்பாவைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது. இன்னொன்று 'முதல் காதல்'. பதினேழு வயதுப் பெண் கர்ப்பமாக இருக்கிறாள், அந்தப் பையனைக் கல்யாணம் செய்துகொள்ளப் போகிறாள். மருத்துவர், அலுவலகம், குடியிருக்க ஓர் அறைக்கான அலைச்சல், கல்யாணம், பிரசவம் வரை கேமரா கூடவே போகிறது. நடுவில் ஒரு போலீஸ்காரர் அவர்கள் அறைக்கு வந்து, இங்கே தங்க அனுமதி இருக்கிறதா என்று விசாரிக்கிறார். அவரை அனுப்பி வைத்ததே கீஸ்லோவ்ஸ்கிதான். நிறைமாதக் கர்ப்பிணி. பயத்தில் ஏதாவது ஆகியிருந்தால்? இதை அவர் மறைக்கவில்லை, நியாயப்படுத்தவும் இல்லை.

குழந்தை பிறந்ததும் அந்த இளம் அப்பா அழுகிறான். நடிப்பு இல்லை, நிஜமாகவே அழுகிறான். அந்தக் கண்ணீரைப் படமெடுக்கத் தனக்கு உரிமை இருக்கிறதா என்று தெரியவில்லை, நிஜக் கண்ணீர் தன்னை பயமுறுத்துகிறது என்று பின்னாளில் சொன்னார். கதைப்படத்தில் பிரச்சினை இல்லை. நடிகை அழ வேண்டுமென்றால் கிளிசரின் இருக்கிறது.

'இரவுக் காவலாளியின் பார்வையில்' என்ற படத்தைப் பார்த்தால் இந்தப் பயம் இன்னும் நன்றாகப் புரியும். வார்சாவில் ஒரு தொழிற்சாலைக் காவலாளி. சட்டம்தான் பெரிது, மனிதன் அப்புறம் என்று நம்புகிறவர். வேலை நேரம் முடிந்த பிறகும் ஆற்றங்கரைக்குப் போய், உரிமம் இல்லாமல் மீன் பிடிப்பவர்களைத் தேடிப் பிடிப்பார். தூக்குத்தண்டனையை எல்லாரும் பார்க்க நடுத்தெருவில் நிறைவேற்ற வேண்டும் என்பார். இதையெல்லாம் கேமராவைப் பார்த்து நல்ல உற்சாகமாகச் சொல்கிறார். கிழக்கு ஜெர்மனியின் ஓர்வோ பிலிமில் வேண்டுமென்றே எடுத்தார்கள், வண்ணங்கள் கொஞ்சம் கோணலாக வரும் என்பதற்காக. திருவிழாக்களில் படத்துக்கு நல்ல பெயர். தொலைக்காட்சி கேட்டபோது கீஸ்லோவ்ஸ்கி மறுத்தார். அந்த மனிதரின் அக்கம்பக்கத்தார் பார்ப்பார்கள், அவரைக் கேலி செய்வார்கள், அவருடைய வாழ்க்கை நாசமாகிவிடும் என்றார். தன் எதிர்ப்பு அந்த மனப்பான்மையோடுதான், அந்த ஆளோடு இல்லை என்பது அவர் நிலை. இன்று கையில் போன் வைத்திருக்கும் யாரும் இந்த மாதிரி ஒருவரைப் பத்தே நிமிடத்தில் ஊர் சிரிக்க வைத்துவிடலாம். படத்தை எடுத்தவரே அது போகக் கூடாது என்று வாசலில் குறுக்கே நின்ற கதை எனக்கு வேறு எங்கும் கிடைத்ததில்லை.

'டாக்கிங் ஹெட்ஸ்' பற்றிச் சொல்லாமல் தாண்ட முடியாது. 1980-ல் வந்தது, கால் மணி நேரப் படம். எந்த வருடம் பிறந்தீர்கள், நீங்கள் யார், உங்களுக்கு முக்கியம் எது என்ற கேள்விகள். ஒரு வயதுக் குழந்தையில் ஆரம்பித்து, ஒவ்வொருவராக வயது ஏறிக்கொண்டே போகிறது. இருபதுகளில் இருப்பவர்கள் சுதந்திரம் என்கிறார்கள், நாற்பதுகளில் பேச்சு நிதானமாகிறது. கடைசியில் நூறு வயதுப் பாட்டி. அவருக்குக் கேள்வியே சரியாகக் காதில் விழவில்லை. என்ன வேண்டும் என்றதற்கு, இன்னும் கொஞ்ச காலம் வாழ வேண்டும் என்கிறார். ஒரு நாட்டைப் பற்றி இதைவிட எளிமையாக ஒரு படம் எடுக்க முடியாது.

இந்தக் காலத்தின் நடுவிலேயே கதைப்படங்களும் எடுக்க ஆரம்பித்திருந்தார். சனூசி, வாய்தா, ஆக்னியெஷ்கா ஹாலண்ட் ஆகியோரோடு இவரையும் சேர்த்து தார்மீகப் பதற்ற சினிமா என்று ஒரு பெயர் விழுந்தது. அதில் 'கேமரா பஃப்' (1979) ஒன்றே போதும். ஃபிலிப் ஒரு சிற்றூர்த் தொழிற்சாலையில் சரக்குக் கொள்முதல் செய்பவன். மகள் பிறக்கப் போகிறாள், அவளைப் படமெடுக்க ஒரு 8 எம்எம் கேமரா வாங்குகிறான். தொழிற்சாலை ஆண்டுவிழாவைப் படமெடு என்கிறார் மேலதிகாரி. எடுக்கிறான். பரிசு கிடைக்கிறது. அதோடு போதை ஏறிவிடுகிறது. பிணவண்டி ஓட்டும் நண்பனின் அம்மா ஜன்னலில் நின்று கையசைப்பதை ஒருநாள் சும்மா எடுத்து வைத்திருப்பான். அவர் இறந்த பிறகு நண்பன் அந்தத் துண்டைப் போடச் சொல்லிப் பார்க்கிறான். கேமரா என்னவெல்லாம் தர முடியும் என்பதற்கு அந்தக் காட்சி. இன்னொரு பக்கம், ஊர்ப் பணம் எங்கே போகிறது என்று அவன் எடுத்த படத்தால் நல்லவரான ஒரு மேலதிகாரிக்கு வேலை போகிறது. மனைவி பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பும்போது, ஃபிலிப்பின் கை தானாகவே உயர்ந்து விரல்களால் சட்டம் கட்டி அவள் போவதைப் பார்க்கிறது. யெர்ஷி ஷ்டூர் நடித்த அந்த ஒரு கணத்தில் இயக்குநர் தன்னையே தோலுரித்துக்கொள்கிறார். கடைசியில் ஃபிலிப் கேமராவைத் தன் முகத்துக்கே திருப்பி, மகள் பிறந்த இரவைப் பற்றிச் சொல்லத் தொடங்குகிறான். மாஸ்கோ விழாவில் முதல் பரிசு கொடுத்தார்கள்.

'ப்ளைண்ட் சான்ஸ்' 1981-ல் எடுத்தது. ஓர் இளைஞன் ரயிலைப் பிடிக்க ஓடுகிறான். பிடித்தால் கம்யூனிஸ்ட் கட்சிக்காரன் ஆகிறான், காவலாளி மேல் மோதிப் பிடிபட்டால் எதிர்ப்பு இயக்கத்துக்குப் போகிறான், தவறவிட்டால் அரசியலே வேண்டாம் என்று இருக்கும் மருத்துவர் ஆகிறான். மூன்றாவது வாழ்க்கைதான் மூன்றிலும் நிம்மதியானது, அதில்தான் அவன் விமான விபத்தில் சாகிறான். படம் முடிந்த சமயம் 1981 டிசம்பர் 13 அன்று ராணுவச் சட்டம் வந்தது. படம் 1987 வரை பெட்டிக்குள்.

ராணுவச் சட்ட காலத்தில் நடந்த ஒரு விஷயத்தை எத்தனை தடவை படித்தாலும் எனக்கு அலுப்பதில்லை. துண்டுப் பிரசுரம் வைத்திருந்தது, சுவரில் எழுதியது, ஊரடங்கில் வெளியே வந்தது போன்ற காரணங்களுக்காகச் சின்னப் பையன்களுக்குக்கூட நீதிமன்றங்கள் சிறைத்தண்டனை கொடுத்துக்கொண்டிருந்த நேரம். தண்டனை சொல்பவர், வாங்குபவர் இருவர் முகங்களையும் படமெடுக்க கீஸ்லோவ்ஸ்கி அனுமதி வாங்கினார். வழக்கறிஞர் க்ரிஸ்டாஃப் பியேசேவிச்சின் அறிமுகம் அப்போதுதான். முதலில் பியேசேவிச்சுக்கு நம்பிக்கை இல்லை. ஆனால் கேமரா உள்ளே வந்ததும் விசித்திரம் நடந்தது: நீதிபதிகள் தண்டனை கொடுக்கவே இல்லை. நாளைக்கு ஆட்சி மாறினால் இந்தச் சுருள் சாட்சியாக நிற்கும் என்று பயம். விஷயம் பரவியதும் வழக்கறிஞர்கள் என் வழக்குக்கு வாருங்கள், என் வழக்குக்கு வாருங்கள் என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். ஒரு கேமரா போதவில்லை. இரண்டாவது கேமரா ஒன்றை வாங்கி, அதில் பிலிமே போடாமல் நீதிமன்றத்தில் நிறுத்தி வைத்தார். நீதிபதிகளுக்கு உள்ளே சுருள் இருக்கிறதா இல்லையா என்று எப்படித் தெரியும்?

படம் வரவில்லை. தண்டனையே விழாதபோது எதை எடுப்பது? ஒரு ஆவணப்படக்காரனுக்குக் கிடைத்த மிகச் சிறந்த தோல்வி இது. அவருடைய கேமரா மனிதர்களுக்குத் தெளிவாக நல்லது செய்த சமயத்தில் அதற்குள் பிலிம் இல்லை.

பியேசேவிச்சோடு சேர்ந்து அடுத்து எழுதிய 'நோ எண்ட்' (1985) படத்தை அரசும் திட்டியது, எதிர்ப்பு இயக்கத்தினரும் திட்டினார்கள், திருச்சபையும் திட்டியது. இறந்துபோன வழக்கறிஞர் ஆவியாக வந்து, நாடு சோர்ந்து கிடப்பதை எதுவும் செய்ய முடியாமல் பார்த்துக்கொண்டிருக்கும் கதை. மக்களுக்குப் பிடித்திருந்தது. அப்புறம் ஒருநாள் மழையில் பியேசேவிச்சைத் தெருவில் சந்தித்தபோது, பைபிளின் பத்துக் கட்டளைகளைப் பற்றி யாராவது படமெடுக்க வேண்டும் என்று அவர் சொன்னாராம். அதிலிருந்து வந்ததுதான் 'டெக்கலாக்', தொலைக்காட்சிக்காக 1988-ல் எடுத்த, ஒவ்வொன்றும் ஏறக்குறைய ஒரு மணி நேரம் ஓடும் பத்துப் படங்கள்.

வார்சாவின் ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பு. எல்லாக் கதையும் அங்கேதான். ஒரு கதையின் நாயகன் இன்னொரு கதையில் லிஃப்டில் கூட நிற்பான், அவ்வளவுதான். அரசியல் கிடையாது, ரேஷன் வரிசை கிடையாது. அதை வேண்டுமென்றே விலக்கினார். ஒன்பது ஒளிப்பதிவாளர்கள். ஆர்தூர் பார்ச்சிஷ் என்ற நடிகர் பெரும்பாலான கதைகளில் எங்கேயாவது மூலையில் வந்து, ஒரு வார்த்தை பேசாமல் நடப்பதைப் பார்த்துவிட்டுப் போவார். தேவதூதர், விதி என்றெல்லாம் ஆய்வுக் கட்டுரைகள் எழுதுகிறார்கள். எனக்கு அவர் கேமராவைக் கீழே வைத்துவிட்ட ஆவணப்பட இயக்குநர் மாதிரிதான் தெரிகிறார். பார்க்க மட்டும் முடியும், தடுக்க முடியாது.

இரண்டாவது படத்தில் ஒரு காட்சி. நோயாளி சாகக் கிடக்கிறான். அவன் பிழைத்தால் மனைவி வயிற்றிலிருக்கும் வேறொருவனின் குழந்தையைக் கலைத்துவிடுவாள், செத்தால் பெற்றுக்கொள்வாள். மருத்துவர்தான் சொல்ல வேண்டும். படுக்கைக்குப் பக்கத்தில் பழச்சாறு இருக்கும் கண்ணாடிக் குவளைக்குள் ஒரு பூச்சி விழுந்து தத்தளிக்கிறது. கரண்டியைப் பிடித்து ஏறுகிறது, வழுக்குகிறது, மறுபடி ஏறுகிறது. விளிம்புக்கு வந்துவிடுகிறது. அந்தக் குவளையை மட்டும் பார்த்துக்கொண்டிருக்கிறோம். பிழைக்கிறானா என்று யாரும் வசனமாகச் சொல்லத் தேவையில்லாமல் போகிறது.

ஐந்தாவது கதையை நீட்டி எடுத்ததுதான் 'எ ஷார்ட் ஃபிலிம் அபௌட் கில்லிங்'. காரணமே இல்லாமல் ஓர் இளைஞன் ஒரு டாக்ஸி டிரைவரைக் கொல்கிறான். ஏறக்குறைய ஏழு நிமிடம் நீளும் கொலை. கயிறு, பிறகு கல். அந்த ஆள் சீக்கிரம் சாக மாட்டேன் என்கிறான். அப்புறம் அரசாங்கம் அந்த இளைஞனைக் கொல்கிறது. தூக்கு மேடைக்காரர் காலையில் வந்து, கோட்டைக் கழற்றி மாட்டிவிட்டு, கயிற்றை இழுக்கும் கருவிக்கு எண்ணெய் போடுகிறார், சுற்றிப் பார்க்கிறார், கீழே ஒரு தட்டு வைத்துச் சரிபார்க்கிறார். ஒர்க் ஷாப் திறக்கும் மெக்கானிக் மாதிரி. இரண்டு கொலைகளில் எது அதிக அருவருப்பு என்று படம் கேட்பதே இல்லை. ஒளிப்பதிவாளர் ஸ்லவோமிர் இஜாக் பச்சை வடிகட்டிகளைப் போட்டு வார்சாவையே சாக்கடைத் தண்ணீருக்குள் முக்கி எடுத்தார். நடுவில் மட்டும் வெளிச்சம், ஓரமெல்லாம் இருட்டு. தூக்குக் காட்சியை ஒத்திகை பார்த்தபோது, நடிப்பு என்று தெரிந்தும் குழுவில் எல்லாருக்கும் கால் நடுங்கியதால் அன்று நிறுத்திவிட்டு மறுநாள் எடுத்தார்கள். 1988 மார்ச்சில் படம் போலந்தில் வெளியானது. அடுத்த மாதம் கிராகோவில் நிறைவேற்றப்பட்டதுதான் அந்த நாட்டின் கடைசி மரண தண்டனை. படத்தால் நின்றது என்று சொல்ல முடியாது. விவாதத்தின் நடுவில் படம் இருந்தது என்று சொல்லலாம். கான் விழாவில் நடுவர் பரிசும், அந்த வருடம் முதன்முதலாக வழங்கிய ஐரோப்பியத் திரைப்பட விருதும் இதற்குத்தான்.

ஆறாவது கதை 'எ ஷார்ட் ஃபிலிம் அபௌட் லவ்'. தபால் நிலையத்தில் வேலை செய்யும் பத்தொன்பது வயதுப் பையன், எதிர்க் கட்டடத்தில் இருக்கும் பெண்ணைத் தொலைநோக்கியால் பார்த்துக்கொண்டே இருக்கிறான். கூரைத் திறப்பிலிருந்து படம் பார்த்தவர் வேறு எந்தக் கதையை எடுப்பார்! பார்ப்பதற்கும் காதலிப்பதற்கும் நடுவில் கோடு எங்கே என்று அவனுக்கும் தெரியவில்லை, எடுப்பவருக்கும் தெரியவில்லை. நீண்ட வடிவத்துக்கு வேறு முடிவு வைத்தார். நாயகியாக நடித்த கிராஷினா ஷபவோவ்ஸ்கா கொஞ்சம் இதமான முடிவு கேட்டதால்தான். அந்தப் பெண் அதே தொலைநோக்கியில் கண்ணை வைத்துப் பார்க்கிறாள், தெரிவது அவளேதான்: தனியாக அழுதுகொண்டிருக்கிறாள், பக்கத்தில் வந்து தேற்றுகிறான் அவன். இதைக் குறை சொல்பவர்கள் உண்டு. எனக்குப் பிடிக்கும்.

கம்யூனிச ஆட்சி விழுந்தது, போலந்தில் பணம் வற்றியது, பிரான்ஸ் கூப்பிட்டது. 'டபுள் லைஃப் ஆஃப் வெரோனிக்' (1991) பிரெஞ்சு முதலீட்டில் எடுத்த முதல் படம். இரேன் ஜகோபுக்கு கான் விழாவில் சிறந்த நடிகை விருது. பாரிஸில் எத்தனை அரங்குகளில் ஓடுகிறதோ அத்தனை விதமாக, பதினேழு பதிப்புகள் தொகுக்கலாம் என்று ஒரு யோசனை வேறு வைத்திருந்தார். நேரமும் பணமும் இடம் கொடுக்கவில்லை. படத்தின் அழகைப் பலரும் எழுதிவிட்டார்கள், ஒரு விஷயத்தை மட்டும் தொட்டுக் காட்டுகிறேன். பொம்மலாட்டக்காரன் ஒருவன் நாயகி வெரோனிக்குக்கு ஓர் ஒலிநாடா அனுப்புகிறான். அதில் ரயில் நிலைய உணவகச் சத்தங்கள். அவள் அந்தச் சத்தத்தைப் பிடித்துக்கொண்டு தேடிப் போய்ச் சேர்ந்தால், ஒரு புத்தகத்துக்காகச் சோதனை செய்து பார்த்தேன், ஒரு பெண் இப்படி வருவாளா என்று, என்கிறான். அவள் எழுந்து ஓடிவிடுகிறாள். போலீஸ்காரரை அனுப்பி ஒரு கர்ப்பிணியைச் சோதித்தவர் எழுதிய காட்சி இது என்பதை நினைவில் வைத்துப் பாருங்கள்.

மூன்று வண்ணங்கள் பற்றிச் சுருக்கமாக. தயாரிப்பாளர் மரின் கார்மிட்ஸ். 1992 செப்டம்பரில் ஆரம்பித்து அடுத்த வசந்தத்துக்குள் மூன்றையும் எடுத்து முடித்தார். ஒன்றைப் படமெடுக்கும்போதே இன்னொன்றின் தொகுப்பு. 'ப்ளூ'வுக்கு வெனிஸில் தங்கச் சிங்கம், 'வைட்'டுக்கு பெர்லினில் இயக்குநர் விருது, 'ரெட்'டுக்கு கான் விழாவில் ஒன்றும் இல்லை. அந்த வருடம் டாரன்டினோவின் வருடம், முதல் பரிசு அவருடைய 'பல்ப் ஃபிக்‌ஷன்' படத்துக்கு. 'ப்ளூ'வில் பினோஷ் ஒரு சர்க்கரைக் கட்டியைக் காபியில் தொடுவார், கட்டி நனைந்து பழுப்பேறும். சாதாரணக் கட்டிக்கு எட்டு விநாடி ஆகிறது, அது அதிகம், ஐந்து விநாடிதான் பார்ப்பவர் பொறுப்பார் என்று, உதவி இயக்குநரை அரை நாள் விதவிதமான சர்க்கரைக் கட்டிகளை நனைத்துப் பார்க்க வைத்தார். இவ்வளவு நுணுக்கம் இருந்தும் 'ப்ளூ' எனக்குக் கொஞ்சம் வாசனை திரவியம் அதிகமான படம்தான். யாரும் கண்டுகொள்ளாத 'வைட்' அதைவிட உயிரோட்டமானது. பாரிஸில் எல்லாம் இழந்த முடிதிருத்துபவன் ஒரு பெட்டிக்குள் ஒளிந்து வார்சாவுக்கு வருகிறான். பெட்டியைத் திருடியவர்கள் அவனை அடித்து, பனி மூடிய குப்பைமேட்டில் தள்ளிவிட்டுப் போகிறார்கள். ரத்தம் வழியும் முகத்தோடு சுற்றிப் பார்த்து, அப்பாடா, வீடு வந்தாச்சு என்கிறான். தன் நாட்டை இவ்வளவு கிண்டலோடும் பாசத்தோடும் அவர் வேறெங்கும் சொல்லவில்லை.

'ரெட்'தான் கணக்கு தீர்க்கும் படம். ஜெனீவாவில் ஓய்வுபெற்ற நீதிபதி, திரந்தீஞான் நடித்தது. அக்கம்பக்கத்தார் தொலைபேசிப் பேச்சை உட்கார்ந்து ஒட்டுக் கேட்பதே வேலை. இளம்பெண் வாலன்டீன் இதைத் தற்செயலாகக் கண்டுபிடித்து அருவருத்துப் போகிறாள். பக்கத்து வீட்டுக்காரர் மனைவிக்குத் தெரியாமல் ஓர் ஆணைக் காதலிக்கிறார். போய்ச் சொல்லிவிடுங்கள், அவர் பேச்சைக் கேட்கிறேன் என்று, என்கிறார் நீதிபதி. வாலன்டீன் ஆவேசமாகப் போகிறாள். மனைவி அன்பாகக் கதவைத் திறக்கிறாள். உள்ளே, அவர்களுடைய சின்ன மகள் இன்னொரு தொலைபேசியைக் காதில் வைத்து அப்பா பேசுவதைக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். வாலன்டீன் ஒன்றும் சொல்லாமல் திரும்பிவிடுகிறாள். பின்னால் நீதிபதி தன்னைத் தானே காட்டிக்கொடுத்து எல்லாருக்கும் கடிதம் எழுதுகிறார். அக்கம்பக்கத்தார் ஜன்னலில் கல்லெறிகிறார்கள். எறியட்டும், அவர்கள் இடத்தில் நானும் எறிந்திருப்பேன் என்கிற மாதிரி உட்கார்ந்திருக்கிறார். இரவுக் காவலாளியின் படத்தை ஒளிபரப்ப விடாமல் தடுத்தவரும், லாக்கர் அருகே கேமராவோடு ஒளிந்திருந்தவரும் அந்த நாற்காலியில்தான் இருக்கிறார்கள்.

1994-ல் இனி படம் எடுக்கப் போவதில்லை என்று அறிவித்தார். என்ன செய்வீர்கள் என்றால், அறையில் உட்கார்ந்து சிகரெட் பிடிப்பேன் என்றார். சிகரெட் விஷயத்தில் சொன்னபடியே நடந்தார், அது ஒருபோதும் நின்றதில்லை. மசூரிய ஏரிகள் பக்கம் ஒரு கிராமத்து வீடு இருந்தது, அங்கே மரவேலை செய்துகொண்டிருப்பார். ஆனால் பியேசேவிச்சோடு சேர்ந்து சொர்க்கம், நரகம், இரண்டுக்கும் நடுவில் பாவம் கழிக்கும் உத்தரிப்பு என்று இன்னொரு மூன்று படத் தொடருக்கான எழுத்து வேலையும் ஓடிக்கொண்டிருந்தது. இதயம் மக்கர் செய்ய, வார்சாவிலேயே அறுவை சிகிச்சை செய்துகொண்டார். 1996 மார்ச் 13 அன்று இறந்தார். வயது 54. பவோன்ஸ்கி கல்லறையில் அவர் தலைமாட்டில் இருக்கும் சிற்பம், விரல்களால் சட்டம் கட்டிய இரண்டு கைகள்.

'ஹெவன்' கதையை டாம் டிக்வர் 2002-ல் எடுத்தார். ரயிலுக்கு ஓடும் பையனைப் போலவே மூன்று தடவை ஓடும் லோலாவை 'ரன் லோலா ரன்' படத்தில் எடுத்தவர் என்பதால் பொருத்தமான ஆள்தான். படமும் பார்க்கலாம். 'ஹெல்' டானிஸ் தானோவிச் கைக்குப் போனது. இரண்டிலும் கதை முடிச்சு அவருடையது என்பது தெரியும். யாருடைய முகத்துக்கு எவ்வளவு கிட்டே போகலாம் என்ற தயக்கம் மட்டும் இல்லை.

புதிதாகப் பார்க்கத் தொடங்குபவர்கள் 'கேமரா பஃப்'பில் ஆரம்பிக்கலாம். அதற்கு முன்னாலோ பின்னாலோ கால் மணி நேரம் ஒதுக்கி 'டாக்கிங் ஹெட்ஸ்'. டெக்கலாக்கை ஒரே மூச்சில் பார்த்துத் தள்ள வேண்டாம். வாரத்துக்கு ஒன்று என்று வைத்துக்கொண்டால் சரியாக இருக்கும், தொலைக்காட்சிக்குத்தானே எடுத்தது. ஐந்தாவதை மட்டும் சாப்பாட்டுக்கு முன்னால் பார்க்காதீர்கள்.